ஞாயிற்றுக்கிழமை வைத்த முகூர்த்தம்

என் ஆசை அண்ணனுக்கு,

உன் தங்கை தனம் எழுதுகிறேன். நீ போய் மூன்று வருஷம் முடிந்து நாலாவது நடக்கிறது. இத்தனை நாளில் உனக்கு ஒரு வரி எழுதியதில்லை. எழுதி எந்தப் பெட்டியில் போடுவது? ஆனால் இப்போது சொல்லாவிட்டால் என் நெஞ்சு வெடித்துவிடும். உன் மகள் கஸ்தூரிக்குக் கல்யாணம், அண்ணா. இன்னும் இரண்டே நாள்.

மாப்பிள்ளை யார், எங்கே கல்யாணம், என்றைக்கு என்று கேட்பாய். மாப்பிள்ளையை நாலு வரியில் சொல்லிவிடலாம். எங்கே, என்றைக்கு என்பதைச் சொல்லத்தான் கஸ்தூரியின் நோட்டிலிருந்து இத்தனை தாளைக் கிழித்து வைத்திருக்கிறேன். அவளைக் கேட்காமல்தான் கிழித்தேன். கேட்டால் எதற்கு என்பாள்.

மாப்பிள்ளை பெயர் நரசிம்மன். சொந்த ஊர் சோளிங்கர். கஸ்தூரி படித்து முடித்து மாதனூர் ஆரம்பப் பள்ளியில் டீச்சராக இருக்கிறாள், அது உனக்குத் தெரியாது. அங்கேயே அவரும் வாத்தியார். இருவரும் பார்த்துப் பேசிப் பிடித்துப்போய், அப்புறம்தான் பெரியவர்களுக்குச் சொன்னார்கள். எனக்கு அதில் வருத்தமில்லை என்று எழுதினால் நீ சிரிப்பாய். இரண்டு நாள் யாரோடும் பேசாமல் இருந்தேன், மூன்றாம் நாள் பேசிவிட்டேன்.

எனக்குச் சந்தேகம் ஜாஸ்தி என்று ஊருக்கே தெரியும். பால்காரர் செம்பைக் கொஞ்சம் சாய்த்துப் பிடித்தாலே எட்டிப் பார்ப்பேன். "நீ போலீசுல சேந்திருக்கணும் தனம், ஆம்பூர்ல ஒரு திருடன் மிஞ்ச மாட்டான்" என்று நீ சொல்லிச் சொல்லிச் சிரிப்பாய். இந்தத் தடவை என் சந்தேகம் எங்கே கொண்டுபோய் விட்டது என்று கேள். சிரிப்பாயா, திட்டுவாயா, தெரியவில்லை.

ஒருநாள் சாயங்காலம் பள்ளிக்கூடம் விட்டு வந்து கால் கழுவிக்கொண்டே கஸ்தூரி சொன்னாள்: "அத்தை, கல்யாணத்த பள்ளிகொண்டா ரங்கநாதர் கோயில்ல வெச்சுக்கலாம்னு இருக்கோம். சும்மா எளிமையா. ஞாயித்துக்கெழம ஒரு நல்ல முகூர்த்தம் வருது."

"ஞாயித்துக்கெழமயா? நம்ம தெருவுல எவன் ஞாயித்துக்கெழம கல்யாணம் வெப்பான்?" என்றேன்.

அவள் துண்டை எடுத்து முகத்தை மூடிக்கொண்டு துடைத்தாள். இவ்வளவு நேரம் ஒரு முகத்தைத் துடைக்க வேண்டியதில்லை என்று அப்போதே எனக்குப் பட்டது.

அண்ணா, கஸ்தூரி வேறு ஊர்ப் பெண்ணாக இருந்தால் தெரியாமல் சொன்னாள் என்று விட்டிருப்பேன். நீ மேஸ்திரியாக இருந்த தோல் டேனரிக்கு என்றைக்கும் வெள்ளிக்கிழமைதான் விடுமுறை. முதலாளி தொழுகைக்குப் போகிற நாள். நம் தெருவில் காதுகுத்து, வளைகாப்பு, பெண் பார்ப்பது, பஞ்சாயத்து எல்லாமே வெள்ளிக்கிழமைதான். உலகம் முழுக்க வெள்ளிக்கிழமைதான் லீவு என்று நான் பத்து வயது வரைக்கும் நினைத்துக்கொண்டிருந்தேன். இவளும் அப்படி வளர்ந்தவள்தான். ஞாயிற்றுக்கிழமை கல்யாணம் வைத்தால் உன்னோடு வேலை செய்தவர்கள் ஒருத்தர்கூட வரமுடியாது என்று அவளுக்கு நன்றாகத் தெரியும். தெரிந்தே ஞாயிற்றுக்கிழமை என்கிறாள். அப்படியானால் என்ன அர்த்தம்?

என் மனதில் வேறு கணக்கு இருந்தது. உன் வாசலிலிருந்து என் வாசல் வரைக்கும் தெருவை அடைத்துப் பந்தல். வெள்ளிக்கிழமை முகூர்த்தம். உன்னைத் தூக்கிக்கொண்டு பாலாற்றங்கரைக்கு வந்த அத்தனை பேரும் இந்தப் பெண்ணின் கல்யாணச் சோறு தின்ன வேண்டும். நீ இல்லை, அண்ணி ஒற்றையாள். அதனால் நானும் என் வீட்டுக்காரரும் ஜோடியாக மணையில் உட்கார்ந்து, தண்ணீர் ஊற்றித் தாரை வார்த்துப் பெண்ணைக் கொடுப்பது என்றும் முடிவு செய்து வைத்திருந்தேன். அதை யாரிடமும் கேட்கவில்லை. கேட்க வேண்டும் என்று தோன்றவும் இல்லை.

மாப்பிள்ளையின் அப்பா முதல் தடவை வந்தபோது இதையெல்லாம் சொன்னேன். காப்பியைக் குடித்துவிட்டு, "எங்க வூட்ல எல்லாக் கல்யாணமும் சோளிங்கர் மலமேலதாம்மா. நரசிம்மசாமி எங்க குலதெய்வம்" என்றார்.

"ஆயிரம் படிக்கு மேல ஏறணுமேங்க. எங்காளுங்க வாரம் பூரா தோல் ஊறற குழித் தண்ணில நின்னு முட்டி தேஞ்சவங்க."

"முடியாதவங்க கீழயே ஒக்காரட்டும். நாங்க எறங்கி வந்து சோறு போட்டுடறோம்."

கீழே உட்கார வேண்டுமாம். அண்ணா, நீ கேட்டிருந்தால் துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டு எழுந்து போயிருப்பாய். நான் உட்கார்ந்திருந்தேன். பெண் வீடாயிற்றே.

இந்த இழுபறியில்தான் கஸ்தூரி தெருவும் வேண்டாம், மலையும் வேண்டாம், இரண்டுக்கும் பொதுவாகப் பள்ளிகொண்டா என்றாள். கேட்பதற்கு நியாயமாகத்தான் இருந்தது. ஊரே அவளை மெச்சியது. எனக்கு மட்டும் உறுத்தியது. பொதுவான இடம் சரி, அதென்ன ஞாயிற்றுக்கிழமை? வெள்ளிக்கிழமை ரங்கநாதர் கதவைச் சாத்திக்கொண்டு தூங்கப் போகிறாரா?

அப்புறம் நான் பார்க்கிறதெல்லாம் அதே மாதிரி தெரிய ஆரம்பித்தது. மாப்பிள்ளை ஒருநாள் வீட்டுக்கு வந்தார். ரயில்வே கேட் தாண்டியதும் சட்டைப் பையிலிருந்து கைக்குட்டையை எடுத்து மூக்கில் வைத்துக்கொண்டதைக் கடை வாசலில் நின்று பார்த்தேன். நம் தெரு திரும்பும்போது மடித்து உள்ளே வைத்துவிட்டார். சரிதான், நாற்றம் தாங்கவில்லை, நம் ஆட்களையும் தாங்காது என்று நினைத்துக்கொண்டேன். ஆவாரம்பட்டைச் சாறு ஏறி நகமெல்லாம் பழுத்துப்போன கைகளோடு அறுபது பேர் பந்தியில் உட்கார்ந்தால் வாத்தியார் வீட்டுக்கு அசிங்கம். அதற்குத்தான் ஞாயிற்றுக்கிழமை.

அண்ணியைக் கேட்டேன். "இது யாரு யோசன அண்ணி?" என்றேன். அண்ணி அரிசியைப் புடைத்துக்கொண்டே, "எனக்கு இன்னா தெரியும் தனம், புள்ளைங்க இஷ்டம்" என்றார்கள். இப்படி ஒன்றும் தெரியாதவர்கள்தான் எல்லாம் தெரிந்தவர்கள் என்று நினைத்தேன். உன் பெண்டாட்டியையும் விட்டுவைக்கவில்லை நான்.

ஒரு புதன்கிழமை, சாமி கும்பிடப் போகிறேன் என்று சொல்லிவிட்டுப் பள்ளிகொண்டாவுக்கு பஸ் ஏறினேன். பொய் இல்லை, சாமியும் கும்பிட்டேன். ரங்கநாதர் பாட்டுக்கு நீட்டிப் படுத்திருந்தார், அவரிடம் எதுவும் விசாரிக்க முடியவில்லை. மண்டபத்தைப் பெருக்கிக்கொண்டிருந்த ஆளிடம், இங்கே கல்யாணம் எல்லாம் நடக்குமா என்று பேச்சுக் கொடுத்தேன்.

"நடக்கும்மா. போன வாரங்கூட ஒரு டீச்சரம்மாவும் வாத்தியாரும் வந்து மண்டபத்தச் சுத்திச் சுத்திப் பாத்தாங்க. பின்னாடி ரூம் எதுனா இருக்குதான்னு அந்தம்மா ரெண்டு தடவ கேட்டாங்க."

"நீ இன்னா சொன்ன?"

"இல்லம்மா, சுத்தி எல்லாம் தொறந்ததுதான், ஒரு ரூமும் கெடயாதுன்னேன். அப்பாடான்னு சொல்லிட்டுப் போய்ட்டாங்க."

அப்பாடாவா? இல்லை என்றால் ஐயோ என்று சொல்வார்கள். அப்பாடா என்று எவராவது சொல்வார்களா? நம் ஆட்களைத் தனியாக உட்காரவைத்துச் சோறு போட ரூம் தேடினார்கள் என்று பார்த்தால் இந்த அப்பாடா இடிக்கிறது. பஸ்ஸில் வரும்போது எவ்வளவு யோசித்தும் பிடிபடவில்லை.

மறுநாள் மார்க்கெட்டில் காதர் பாயைப் பார்த்தேன். உன் தோஸ்த் இப்போதும் டேனரி ஆபீசில்தான் ஆள் வருகை எழுதுகிறார். கண்ணாடி மட்டும் தடித்துவிட்டது. கல்யாணம் எப்போது என்று கேட்டார். நான் பதில் சொல்வதற்குள் அவரே சொன்னார்.

"கஸ்தூரி அன்னிக்கி ஆபீஸ் வரைக்கும் வந்துச்சு தங்கச்சி. மாமாவுக்கு ஞாயித்துக்கெழம லீவு கெடைக்குமா பாய்னு கேட்டுச்சு. எப்பிடிம்மா கெடைக்கும், சனிக்கெழம வர்ற பச்சத் தோல ஞாயித்துக்கெழம காலைல ஊற வெக்கலன்னா மொத்தமும் அழுகிப் போய்டுமே, ஊறக்குழி பூரா உங்க மாமா பொறுப்பாச்சேன்னேன். கொழந்த மொகம் பூத்துப்போச்சு."

"வாடிப்போச்சுன்னு சொல்லுங்க பாய்."

"நான் இன்னா குருடனா? பூத்துப்போச்சு. எனக்கே பேஜாரா இருந்துச்சு. மாமா வரலன்னா இதுக்கு இன்னா சந்தோசம்னு."

ரூம் இல்லை என்றால் அப்பாடா. அவள் மாமாவுக்கு, என் வீட்டுக்காரருக்கு, லீவு இல்லை என்றால் முகம் பூக்கிறது. இனிமேல் பொறுக்கக் கூடாது என்று காய்கறிப் பையை அப்படியே காதர் பாய் கையில் கொடுத்து வீட்டில் சேர்க்கச் சொல்லிவிட்டு, மாதனூர் பஸ்ஸைப் பிடித்தேன்.

பள்ளிக்கூடத்தில் மதியச் சாப்பாட்டு நேரம். இருவரும் மரத்தடியில் பிள்ளைகளை உட்காரவைத்து, சாப்பிடுவதைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். என்னைப் பார்த்ததும் கஸ்தூரி எழுந்து ஓடி வந்தாள். வீட்டில் யாருக்காவது உடம்பு சரியில்லையோ என்று பயந்துவிட்டாள்.

"மாமாவுக்கு லீவு இல்லன்னா உனக்கு இன்னாடி சந்தோசம்?" என்று கேட்டேன்.

அவள் மாப்பிள்ளையைப் பார்த்தாள். அவர் மெதுவாக நகரப் பார்த்தார். "நீங்களும் இருங்க மாப்ள. ரயில்வே கேட்டாண்ட மூக்க மூடிக்கிட்டு வந்தது எனக்குத் தெரியும்" என்றேன்.

பாவம், அவர் முகம் செத்துப்போனது. "ஆமாங்க அத்தை. நாத்தம் தாங்கலதான். பழகிக்கறேங்க" என்றார். பொய் சொல்லாதது எனக்குக் கொஞ்சம் பிடித்திருந்தது. ஆனாலும் விடவில்லை.

"பள்ளிகொண்டாவுல ரூம் இருக்குதான்னு இன்னாத்துக்குக் கேட்டீங்க? எங்காளுங்கள தனியா ஒக்கார வெக்கவா? கையெல்லாம் கறை, கிட்ட வந்தா நாத்தம், சபைக்கு ஆகாது, அதானே? அதுக்குத்தானே ஞாயித்துக்கெழம?"

கஸ்தூரி என்னையே பார்த்தாள். கண்ணில் தண்ணீர் நிறைந்துவிட்டது.

"அவங்கள்லாம் என்னத் தூக்கி வளத்தவங்க அத்தை. அவங்க வர முடியாதேன்னு நான் எத்தினி நாள் அழுதேன்னு இவரக் கேளு. வேற வழி இல்லாமத்தான் ஞாயித்துக்கெழம வெச்சேன்."

"வழி இல்லையா? யாருக்குப் பயந்து?"

"உனக்குப் பயந்துதான்."

எனக்கு முதலில் புரியவில்லை, அண்ணா. பிள்ளைகள் சாப்பிடுவதை நிறுத்திவிட்டு எங்களையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். மாப்பிள்ளை அவர்களை எழுப்பிக் கை கழுவ அழைத்துப் போனார்.

"வெள்ளிக்கெழமன்னா மாமா வீட்ல இருப்பாரு. நீயும் மாமாவும் ஜோடியா மணைல ஒக்காந்துடுவீங்க. எங்கம்மாவ உள்ள போகச் சொல்லிடுவ. ஞாயித்துக்கெழம மாமா வர முடியாது. நீ தனியா வந்தா உன்னாலயும் தாரை வாக்க முடியாது. அப்பறம் யாரு இருக்கா? எங்கம்மாதான் இருக்கா. என்னப் பெத்தவ கையாலதான் நான் போகணும். பள்ளிகொண்டா மண்டபத்துல உள்ளன்னு ஒரு எடமே இல்ல அத்தை. எங்கம்மாவ நீ எங்க அனுப்புவ?"

"நான் ஏண்டி அனுப்பறேன்?"

"குமார் கல்யாணத்துல அனுப்புனியே."

குமார் என் மூத்தவன். நீ போன மறுவருஷம் அவனுக்குக் கல்யாணம் செய்தோம். அன்றைக்கு நான் என்ன செய்தேன் என்று எனக்கு நினைவில்லை. கஸ்தூரிதான் சொன்னாள். முகூர்த்தத்துக்குக் கொஞ்சம் முன்னால் அண்ணி மஞ்சள் குங்குமத் தட்டை எடுத்துக்கொண்டு வாசற்படி வரைக்கும் வந்தார்களாம். நான் சிரித்த முகத்தோடு தட்டை வாங்கிக்கொண்டு, "அண்ணி, நீங்க கொஞ்சம் உள்ள இருங்க, நல்ல காரியம் பாருங்க" என்றேனாம். கதவையும் சாத்தினேனாம்.

"பந்தி முடியற வரைக்கும் அம்மா அந்த ரூம்லதான் இருந்துச்சு அத்தை. யாரும் கூப்புடல. நான்தான் போய்க் கதவத் தொறந்தேன்."

நான் அந்தப் பள்ளிக்கூட வாசற்படியில் உட்கார்ந்துவிட்டேன். குமார் கல்யாணத்தில் பாயசம் அடிப்பிடித்தது எனக்கு நினைவிருக்கிறது. யார் யார் வரவில்லை, வந்தவர்களில் யார் முகம் கொடுத்துப் பேசவில்லை என்பதெல்லாம் நினைவிருக்கிறது. இது மட்டும் இல்லை. அப்புறம் தட்டின் கனம் மட்டும் கைக்கு ஞாபகம் வந்தது. பித்தளைத் தட்டு. உன் வீட்டுத் தட்டு.

நான் கெட்ட எண்ணத்தோடு சொல்லவில்லை, அண்ணா. அதுதான் எனக்குப் பயமாக இருக்கிறது. எல்லோரும் செய்கிறதைச் செய்தேன். மெதுவாக, மரியாதையாக, நீங்க என்று சொல்லித்தான் சொன்னேன். நீ இருந்திருந்தால் என்ன செய்திருப்பாய் என்று யோசித்துப் பார்க்கிறேன். நீ இருந்திருந்தால் அண்ணியை நான் உள்ளே போகச் சொல்லியிருக்கவே மாட்டேன். அவர்களே முன்னால் நின்றிருப்பார்கள். அப்படியானால் நான் மரியாதை கொடுத்தது யாருக்கு?

என் சந்தேகம் தப்பில்லை என்பதையும் சொல்லிவிடுகிறேன். சூழ்ச்சி இருந்தது. ஞாயிற்றுக்கிழமை வேண்டுமென்றேதான் வைத்தார்கள். ஒருத்தரை ஒதுக்கத்தான் வைத்தார்கள். அந்த ஒருத்தர் நான் என்பதை மட்டும் கண்டுபிடிக்காமல் விட்டுவிட்டேன்.

அன்று சாயங்காலம் கஸ்தூரி வீடு திரும்பியதும் அவளிடம் போனேன். "பள்ளிகொண்டாவுலயே வெச்சுக்க. ஆனா வெள்ளிக்கெழம வை. உங்கப்பாவோட ஆளுங்க வரட்டும். மணைல நான் ஒக்கார மாட்டேன். உங்கம்மாதான்" என்றேன்.

அவள் உடனே என் கழுத்தைக் கட்டிக்கொள்வாள் என்று நினைத்தேன். கட்டிக்கொள்ளவில்லை. கண்ணைச் சுருக்கி என்னை மேலும் கீழும் பார்த்தாள்.

"நெஜமாத்தான் சொல்றியா? அன்னிக்கிக் காலைல ஊரு இன்னா சொல்லும், நாலு பேரு இன்னா சொல்லுவாங்கன்னு ஆரம்பிச்சுட்டன்னா?"

"மாட்டேண்டி."

"எப்பிடி நம்பறது?"

இப்படித்தான் நான் எல்லோரையும் கேட்டிருக்கிறேன். அதே கண், அதே குரல். என் முன்னால் நின்றுகொண்டு என்னையே கேட்டால் எப்படி இருக்கும் என்று இத்தனை வயதில் அன்றைக்குத்தான் தெரிந்தது. உன் மகள் உன்னைக் கொண்டவள் என்று எல்லோரும் சொல்கிறார்கள், அந்தப் பார்வை மட்டும் என்னுடையது.

அவள் என் வீட்டுக்காரரைக் கூப்பிட்டு, "மாமா, நீங்க சொல்லுங்க, ஒக்கார மாட்டீங்கதானே?" என்றாள்.

அவர் துண்டால் கழுத்தைத் துடைத்துக்கொண்டே, "நான் எப்பவும் பின்னாடி நிக்கறவன்மா. பேச்செல்லாம் உங்கத்தைதான்" என்றார். கஸ்தூரி சிரித்துவிட்டாள். அதோடு வெள்ளிக்கிழமை என்று ஆனது. அதற்கு அடுத்த வெள்ளிக்கிழமையே முகூர்த்தம் இருந்தது. அதுதான் நாளை மறுநாள்.

சோளிங்கர்க்காரர் மறுபடி வந்தார். நாள் மாறியதை ஒப்புக்கொண்டார். அம்மா கையால் தாரை வார்ப்பது என்றதும் நெற்றியைத் தேய்த்தார். "தாயார் இப்பிடித் தனியா இருக்கறப்ப... மொறன்னு ஒண்ணு இருக்கே. நீங்களே அன்னிக்கி நானும் எங்க வூட்டுக்காரரும் ஒக்காருவோம்னு சொன்னீங்களேம்மா?" என்றார்.

"சொன்னேங்க. இப்ப மாத்திச் சொல்றேன். உங்க புள்ளையப் பெத்தவங்க நீங்க எதிர்ல ஒக்காந்திருப்பீங்க. எங்க பொண்ணப் பெத்தவங்க மட்டும் எங்க போவாங்க? கீழயா?"

அவருக்குப் படிப் பேச்சு ஞாபகம் வந்திருக்க வேண்டும். தலையைக் குனிந்துகொண்டார். தாலி கட்டி மறுநாளே பெண்ணும் மாப்பிள்ளையும் மலையேறி நரசிம்மசாமியைக் கும்பிட வேண்டும் என்று மட்டும் கேட்டார். சின்னக் கால்கள், ஏறட்டும் என்றேன். ஆனாலும் அந்த மனிதர் மேல் எனக்கு முழு நம்பிக்கை இல்லை, அண்ணா. கடைசி நிமிஷத்தில் புரோகிதர் காதில் போய் ஏதாவது சொல்வாரோ என்று இருக்கிறது. அவர் பக்கத்திலேயே நின்றுகொள்வதாக இருக்கிறேன்.

காதர் பாய் பஸ் பேசிவிட்டார். "ஜும்மா தொழுகைக்குள்ள ஆம்பூர் திரும்பிடணும் தங்கச்சி, அது ஒண்ணுதான். சோறு கம்மியா போட்டாலும் பரவால்ல, சீக்கிரம் போட்டுடுங்க" என்றார். உன் ஆட்கள் இரண்டு நாளாகக் கையைத் தேங்காய் நாரால் தேய்த்துக்கொண்டிருக்கிறார்களாம். அந்தக் கறை போகாது என்று அவர்களுக்கும் தெரியும். தேய்க்க வேண்டாம் என்று மாப்பிள்ளை சொல்லி அனுப்பியிருக்கிறார்.

எல்லாம் சரியாயிற்று. ஒன்றே ஒன்றுதான் ஆகவில்லை. அண்ணி.

இத்தனை நடந்ததில் அண்ணிக்கு எதுவும் தெரியாது. நிஜமாகவே தெரியாது. கஸ்தூரி அம்மாவிடம் சொல்லவேயில்லை. சொன்னால் அண்ணியே வேண்டாம் என்று நிறுத்திவிடுவார்கள் என்று பயந்திருக்கிறாள். நான் போய்ச் சொன்னபோது அண்ணி கல்யாணத்துக்கு அரிசியில் கல் பொறுக்கிக்கொண்டிருந்தார்கள்.

"எனக்கு வேணாம் தனம். நீயே செய். எல்லாரும் கெளம்பிட்டா வீட்ட யாரு பாத்துக்கறது? நான் இருக்கேன்."

கோபத்தில் சொல்கிறார்களா, மனசாரச் சொல்கிறார்களா என்று முகத்தைப் பார்த்தேன். எனக்குத் தெரியவில்லை. யார் மனதில் என்ன இருக்கிறது என்று ஊரெல்லாம் துருவினவள், முப்பது வருஷம் பக்கத்து வீட்டில் இருந்த அண்ணியின் முகத்தைப் படிக்க முடியாமல் உட்கார்ந்திருந்தேன்.

"அன்னிக்கி கொமாரு கல்யாணத்துல நான் செஞ்சது தப்பு அண்ணி" என்றேன்.

அண்ணி நிமிரவில்லை. முறத்தில் விரல் போய்க்கொண்டே இருந்தது. ஒரு கல்லை எடுத்துப் போட்டுவிட்டு, பக்கத்தில் வேறு யாரோ இருப்பதுபோல மெதுவாகச் சொன்னார்கள்:

"அன்னிக்கி உள்ள ரொம்பப் புழுக்கமா இருந்துச்சு தனம்."

அவ்வளவுதான். அந்த அறைக்கு ஜன்னல் இல்லை என்பது எனக்குத் தெரியும், என் வீட்டு அறைதானே. நானும் முறத்தில் கை வைத்துக் கல் பொறுக்கினேன். என் கண்ணிலிருந்து வழிந்ததில் எது கல், எது அரிசி என்று தெரியவில்லை. அண்ணி என் கையைத் தள்ளிவிடவில்லை. வருகிறேன் என்றும் இதுவரை சொல்லவில்லை.

அண்ணா, நீ எனக்கு எத்தனையோ தடவை வாக்குக் கொடுத்து நிறைவேற்றியிருக்கிறாய். இந்த ஒரு தடவை நான் உனக்குக் கொடுக்கிறேன். வெள்ளிக்கிழமை விடிந்ததும் உன் வீட்டுக்குள் போவேன். சமையலறை, பின்கட்டு, விறகுக் கொட்டில் என்று ஒவ்வொரு இடமாகப் பார்ப்பேன். என் வீட்டையும் அதே மாதிரி பார்ப்பேன். உள்ளே ஒருத்தரும் இல்லை, அண்ணி வெளியே என் பக்கத்தில் நிற்கிறார்கள் என்று நிச்சயமான பிறகுதான் இரண்டு வீட்டையும் பூட்டுவேன். என்னை நம்பு.

உன் கூடப்பிறந்தவள்,
கஸ்தூரியின் அத்தை,
தனம்